இரண்டு முழ வேலி

டெலிபோன் கார்டைச் சுரண்டினால் நகக்கண்ணில் வெள்ளித்தூள் ஏறிவிடும். இரண்டாயிரத்து நான்கில், நோர்வேயில் எங்கள் குரோருட் வீட்டில் இருந்து அந்த விரலோடுதான் ஊருக்குக் கதைப்பேன்...

தங்கை வீட்டில் போன் இல்லை. சந்திக் கடைக்கு எடுத்தால், கடைக்காரர் ஆள் அனுப்பி அவளைக் கூப்பிடுவார். பத்து நிமிடம் கழித்து மறுபடி எடுக்க வேண்டும்.

ஊரில், வடமராட்சிக் கடற்கரையில், அப்பா எங்கள் இருவருக்கும் சீதனமாகப் பிரித்துக் கொடுத்த காணி. கடல் பக்கத் துண்டு அவளுக்கு, பின்துண்டு எனக்கு. நடுவே ஒரு வேலி. அதைப் பிடுங்கி இரண்டு முழம் என் பக்கம் தள்ளிப் போட்டிருக்கிறாள் என்று ஊருக்குப் போய் வந்தவர் ஒருவர் சொன்னார்.

கொன்வென்டில் படித்தவள் நான். அடுத்தவர் குண்டூசியையும் தொட்டதில்லை. என்னுடையதையும் ஒருவர் தொடக் கூடாது.

“கடல் வருசா வருசம் அரிக்குது அக்கா. சமைக்கிற குசினியைப் பின்னுக்கு எடுத்தனான், அதுதான்...”

“அப்ப கடலோடை வழக்குப் போடு. என்ரை காணிக்குள்ளை வராதை.”

அந்தக் கடைப் போன் பக்கத்தில் நிற்பவர்களுக்கெல்லாம் கேட்கும். யாரோ சிரித்தார்கள். 

என் கணவர் அப்போது உயிரோடு இருந்தார்.

“இஞ்சரும், நாலாம் மாடியிலை இருந்துகொண்டு உமக்கென்ன வேலி? இருந்திட்டுப் போகட்டும்.”

“நீங்கள் பேசாமல் இருங்கோ. இண்டைக்கு ரெண்டு முழம், நாளைக்கு முழுக் காணி.”

நில அளவையாளரைப் பிடித்து அளக்க வைத்தேன். வேலி பழைய இடத்துக்குப் போகும்வரை கதைக்க மாட்டேன் என்று கடைக்காரரிடம் சொன்னேன். கார்த்திகையில் அவள் குசினியை இடித்து, வேலியைத் திருப்பிப் போட்டாளாம்.

அதன் பிறகும் நான் எடுக்கவில்லை. முதலில் அவள் மன்னிப்புக் கேட்கட்டும் என்று இருந்தேன்...

மார்கழியில், நத்தார்ப் பண்டிகைக்கு மறுநாள், கடல் வந்தது.

நோர்வே தொலைக்காட்சி தாய்லாந்துக்கு விடுமுறை போன தன் நாட்டு ஆட்களைத் தேடிக்கொண்டிருந்தது. நான் கடை நம்பரை அடித்துக்கொண்டே இருந்தேன். கடையே இல்லை என்பது நான்காம் நாள்தான் தெரிந்தது. தங்கையும் இல்லை.

தை மாதம் அளவையாளரின் வரைபடம் தபாலில் வந்தது. வேலி, கிணறு, அவள் வீடு... எல்லாம் அங்குலம் பிசகாமல்.

அப்போது இரண்டு முழத்துக்காக அவளோடு கதைக்காமல் இருந்தேன். அவளுக்குப் பிள்ளைகள் இல்லை. சீதனக் காணி, பிள்ளை இல்லாவிட்டால் கூடப்பிறந்தவளுக்கே திரும்பும்; இப்போது அந்தத் துண்டும் என் பெயரில்தான். கணவர் போன பிறகு ஒருமுறை போய் நின்று பார்த்தேன்... வெறும் மணல்.

அவளுடைய குசினி எந்த இடத்தில் இருந்தது என்று காட்ட அங்கே ஒருவரும் இல்லை.