டீச்சர் எங்கள் வீட்டில் யார்?

பாளையங்கோட்டையில் நாங்கள் இருந்தது வாடகை வீடு. தெருவைப் பார்த்த முன்னறை சும்மாதானே கிடக்கிறது என்று, முக்கூடலிலிருந்து வேலைக்கு வந்த ஒரு டீச்சரை அப்பா அதில் வாடகைக்கு வைத்தார். நாங்கள் சுத்த சைவம். டீச்சருக்கோ மீன் இல்லாமல் சோறு இறங்காது. அதனால் அம்மா அவருக்குத் தனி அடுப்பு, தனி வாசல், தனிப் பூட்டு எல்லாம் கொடுத்துவிட்டாள். வாடை எங்கள் பக்கம் வராமலிருந்தால் போதும் அவளுக்கு. எனக்கு மட்டும் அந்தச் சட்டிக்குள் என்ன இருக்கிறது என்று எட்டிப் பார்க்காவிட்டால் மண்டை வெடித்துவிடும்.

வீட்டுக்காரர் காதுக்கு இது போய்விட்டது. நேரே வந்து, "எங்கிட்ட கேக்காம இன்னொரு குடி எப்படி வே வச்சீரு? மொத்தமா காலி பண்ணும்" என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார். அப்பா அன்று சாப்பிடவில்லை. அந்த வாடகைக்கு வேறு வீடு கிடைக்காதென்று எனக்கே தெரியும்.

வக்கீல் மாமா, அம்மாவின் தம்பி, வந்து விளக்கினார். டீச்சர் பூட்டும் அடுப்புமாகத் தனியே இருந்தால் உள்வாடகை. வீட்டுக்காரர் சம்மதமில்லாமல் வைத்ததற்கு நம்மை வெளியேற்றலாம். நம் அடுப்பில் சாப்பிட்டு, அறைச் சாவி நம் கையில் இருந்தால் அவர் பேயிங் கெஸ்ட், அதில் குற்றமில்லை. மீனை விட்டு அம்மாவின் தேங்காய்ப்பால் சொதிக்கு மாறினால் ஒரு மனுஷி எப்படி வேறு ஆளாவாள் என்று மாமாவைத் துளைத்தெடுத்தேன். "அங்கன போய் வெளையாடுட்டீ" என்றார்.

அம்மா தயங்கித் தயங்கிக் கேட்டாள். டீச்சர் மறுபேச்சில்லாமல் சாவியைக் கொடுத்தார். அடுப்பு பரணுக்குப் போனது. அன்று முதல் என் பக்கத்தில் உட்கார்ந்து சொதியும் இஞ்சிப்பச்சடியும் சாப்பிட்டார். மீன் நினைப்பு வருமா என்று கேட்டேன். "சும்மா சாப்பிடு பிள்ள" என்று என் அப்பளத்தைப் பிடுங்கிக்கொண்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே வீட்டுக்காரர் உள்ளே வந்து டீச்சரைக் கேட்டார், வாடகைக்குத்தானே இருக்கிறீர்கள் என்று. எங்கள் யாருக்கும் கை வாய்க்குப் போகவில்லை.

"வாடகைன்னு இல்ல அண்ணாச்சி. இவங்க பொங்குததத்தான் சாப்பிடுதேன், குடுத்த எடத்துல படுத்துக்கிடுதேன். சாவி அக்காட்ட இருக்கு. எனக்குன்னு இங்கன ஒண்ணுமில்ல" என்றார் டீச்சர்.

வீட்டுக்காரர் போனவர்தான், பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. வீடு தப்பியது. நான் கைதட்டினேன்.

மழைக்காலம் முடிந்து சித்தப்பாவுக்கு டவுனில் வேலை கிடைத்தது; அவருக்கு அந்த அறை வேண்டியிருந்தது. முழுப்பரீட்சை வரைக்கும் இருந்துகொள்கிறேனே என்று டீச்சர் கேட்டார். அப்பா மாமாவைப் பார்த்தார்.

"உள்வாடகைன்னாதான் அத்தான் நோட்டீசு கீட்டீசெல்லாம். பேயிங் கெஸ்ட்டுதான, வார ஞாயித்துக்கெழம கெளம்பச் சொல்லுங்க" என்றார் மாமா.

ஆட்டோ வந்தது. அம்மா புளியோதரை கட்டிக் கொடுத்தாள். டீச்சர் வாங்கிக்கொண்டு, என் கன்னத்தைத் தட்டிவிட்டு ஏறினார். ஒரு சண்டைகூடப் போடாமல் இப்படிப் போகிறாரே என்று எனக்கு அவர்மேல்தான் கோபம் வந்தது. எங்களுக்கு வீட்டை மீட்டுக் கொடுத்த அந்தப் பதிலோடு, சண்டை போடும் தன் உரிமையையும் அவர் சேர்த்தே கொடுத்துவிட்டிருந்தார் என்பது அந்த வயதில் எனக்கு விளங்கவில்லை.