யார் இழுத்தது என்று டாக்டர் கேட்டார்

பையன் பிறந்து தஞ்சாவூர் ஆஸ்பத்திரியிலிருந்து கிளம்பும்போது குழந்தை டாக்டர் அம்மா தெளிவாகத்தான் சொன்னார். "ஆண் குழந்தைக்கு முன்தோல் ஒட்டித்தான் இருக்கும். சில வருஷத்துல தானா பிரியும். யாரும் பின்னாடி இழுக்காதீங்க. மேலே தண்ணி ஊத்திக் கழுவினா போதும்." பக்கத்தில் மாமனார் நின்றுகொண்டிருந்தார். எனக்கு ஒரே கூச்சம். எப்போது பேச்சை முடிப்பார் என்றுதான் இருந்தது.

பாபநாசத்துப் பக்கம் எங்கள் ஊர். குழந்தைக்கு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்ட ஒரு அக்கா வருவார். எங்கள் தெருப் பிள்ளைகளில் பாதி அவர் காலில் படுத்துக் குளித்ததுதான். பள்ளிக்கூடம் போகாதவர். நான் எம்.எஸ்சி., பி.எட். அந்தத் திமிர் எனக்கு நிறையவே உண்டு.

"அங்க அழுக்கு சேராதாக்கா? தள்ளிச் சுத்தம் பண்ண வேணாமா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"அதெல்லாம் நான் தொடறதில்லம்மா. அது பாட்டுக்கு இருக்கட்டும்."

இவருக்கு என்ன தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். போனில் எவளோ ஒருத்தி தள்ளித்தான் கழுவணும் என்று வீடியோ போட்டிருந்தாள். அதை நம்பினேன்.

இரண்டாம் மாதம், அக்கா குளிப்பாட்டிவிட்டுப் போனதும், துடைக்கிற சாக்கில் நானே இழுத்தேன். பையன் வீறிட்டான். பின்னால் போன தோல் திரும்பி வரவில்லை. கொஞ்ச நேரத்தில் நுனி வீங்கிச் சிவந்துவிட்டது.

அதே டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடினோம். "கையால சரிபண்ணிப் பாக்கறேன். வரலைன்னா தோலைக் கீறணும், எடுக்க வேண்டிக்கூட வரலாம்" என்றார்.

"நம்ம வழக்கத்துல சுன்னத் கிடையாதேம்மா" என்றார் மாமியார்.

"வழக்கத்துக்குச் சொல்லலங்க. நல்லா இருக்கிற குழந்தைக்கு வைத்தியம்னு அதைச் செய்யத் தேவையே இல்ல. இழுத்ததாலதான் இந்தப் பேச்சே வருது. யார் இழுத்தது?"

"குளிப்பாட்ட வர்றவங்க" என்றேன். யோசிக்கக்கூட இல்லை. அவ்வளவு சுளுவாக வந்தது.

டாக்டர் வீக்கத்தை அழுத்தி அழுத்தி, ஒருவழியாகத் தோலை முன்னால் கொண்டுவந்துவிட்டார். பிள்ளை கத்தி படாமல் தப்பித்தான். மறுநாள் காலையில் அக்கா வந்தபோது மாமியார் வாசலிலேயே நிறுத்தி, வாய்க்கு வந்தபடி பேசி அனுப்பினார். தெருவே கேட்டது. நான் சமையல்கட்டில் பால் காய்ச்சிக்கொண்டிருந்தேன். அதற்கப்புறம் எங்கள் தெருவில் அவரை யாரும் கூப்பிடவில்லை.

மூன்று வருஷம் கழித்து பாபநாசம் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். முழங்கால் வரை சேறு, நடவுக்குப் போய்விட்டு வருகிறார். இடுப்பு வளைந்திருந்தது. மனசு கேட்காமல் கிட்டே போய், நான்தான் இழுத்தேன் என்று சொல்லி அழுதேன்.

"நான் செய்யலங்கிறது எனக்குத் தெரியாதா? எங்கிட்ட சொல்லி என்ன ஆவப்போவுது? உங்க தெருவுல சொல்லுங்க" என்றார். சொல்கிறேன் என்றேன்.

பையன் இப்போது ஒன்றாம் வகுப்பு. போன வாரம் எதிர்வீட்டில் ஆண் குழந்தை பிறந்தது. குளிப்பாட்ட ஆள் கிடைக்காமல் அந்த வீட்டுப் பெண் என்னிடம் வந்தாள். "அந்தம்மாவைக் கூப்பிடலாம்னு பாத்தேன். உங்க புள்ளையை அப்படிப் பண்ணிட்டாங்களே, பயமா இருக்குக்கா" என்றாள்.

"ஆமாம்மா, பயமாத்தான் இருக்கும்" என்றேன்.