மருந்து என்றுதான் நினைத்தேன்

பிரசவ உடம்புவலிக்குக் கொஞ்சம் பிராந்தி கொடுப்பது கோவில்பட்டியில் எங்கள் குடும்பங்களின் வழக்கம். என் தோழி செல்வி, மகன் தவழும் வயதிலும் குடித்தாள். மருந்துதானே என்று இருந்துவிட்டேன்.

ஒரு பகலில் அவள் வீட்டுக்குப் போனபோது அவள் மயங்கிக் கிடந்தாள். குழந்தை மாடிப்படி விளிம்பில் இருந்தான். ஓடித் தூக்கினேன்.

விழித்தவள், "குடிக்கலன்னா அழுகையா வருதுட்டி. யாருகிட்ட சொல்ல?" என்றாள்.

"எங்கிட்ட சொல்லுட்டி. டாக்டர்கிட்ட போவோம், நானும் வாரேன்."

திட்டியிருக்க வேண்டுமோ என்று குழம்பினாலும் ஒவ்வொரு முறையும் கூடவே போனேன். பிரசவத்துக்குப் பின் வரும் மனச்சோர்வு என்றார் டாக்டர்.

சிகிச்சையில் மெல்ல மெல்லத் தேறி, செல்வி குடியை விட்டுவிட்டாள்! பிள்ளைகளின் அங்கன்வாடி விழாவில், நானும் ஓடிய தாய்மார்கள் ஓட்டத்தில் முதலில் வந்து, "ஏட்டி, என்னையப் பிடிக்க முடியலல்லா!" என்று கத்தினாள். தோற்றதில் எனக்கு அப்படியொரு சந்தோஷம்.

பிள்ளை பெற்ற வீட்டுக்குப் போனால் இப்போது முதலில் தாயிடம்தான் உட்காருகிறேன். "நீ எப்படி இருக்கே?" என்று கேட்டு, அவள் மனம்விட்டுப் பேசும்வரை எழுந்திருப்பதில்லை.