டிராக் அக்காவின் குரல்

ஒலிப்பதிவுக் கூடங்களில் அவளுக்கு டிராக் அக்கா என்று பெயர். பெரிய பாடகி வருவதற்கு முன், மெட்டு எப்படிப் போகிறது என்று காட்ட ஒருத்தி பாடி வைக்க வேண்டும் அல்லவா, அந்த ஒருத்தி. அந்தப் பாடகி வந்து பாடியதும் இவள் குரலை அழித்துவிடுவார்கள். வருடக்கணக்காகப் பாடியும் ஊருக்கு அவள் குரல் தெரியாது. கேட்டால், பழகிப்போச்சு என்பாள். சுத்தப் பொய். பாட்டு வெளிவரும்போதெல்லாம் அவளுக்கு வயிறு எரியும்.

கணவனின் தம்பி லிஃப்ட் பழுது பார்ப்பவன். மீதி நேரமெல்லாம் ராப். சோறு கேட்பதைக்கூட மூச்சு விடாமல் கொட்டுவதால் வீட்டில் அவனுக்குப் படபடா என்று பெயர். தன் புதுப் பாட்டின் நடுவே வரும் நான்கு வரிகளை அண்ணிதான் பாட வேண்டும் என்றான். டிராக் இல்லையே, நிஜமாகவே தானே என்று அவள் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டாள்.

மைக்கின் முன் நின்று பாடினாள். சுருதி பிசகவில்லை, தாளம் பிசகவில்லை, ஆனால் பாட்டில் உயிர் இல்லை. படபடா தலையைச் சொறிந்தான். பிறகுதான் அவனுக்கு விளங்கியது. குழைவு, நெகிழ்வு எல்லாவற்றையும் பின்னால் வரப்போகிற யாருக்கோ ஒதுக்கி வைத்துவிட்டு, வெறும் மெட்டை மட்டும் பாடுகிறாள். டிராக்கில் சொந்தச் சரக்கைக் காட்டினால் அடுத்த முறை கூப்பிட மாட்டார்கள், தொழில் அப்படி.

"அண்ணி, உங்களுக்கு அப்புறம் யாரும் வரப்போறதில்ல. மிச்சம் வைக்காம பாடுங்க."

மறுபடி பாடினாள். கேட்டுக்கொண்டு நின்றவன் தன் வரிகளை மறந்தே போனான். ராப் பாடுகிறவனுக்கு அதைவிட மானக்கேடு வேறு இல்லை.

பாட்டை ஓர் இசை நிறுவனத்துக்கு அனுப்பினார்கள். அதன் மேலாளர் போன் செய்தபோது அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். படபடா ஸ்பீக்கரில் போட்டான். ராப் பிரமாதமாம், எடுத்துக்கொள்கிறார்களாம். பெண் குரலை மட்டும் பெயர் வாங்கிய ஒருத்தியை வைத்து மாற்றிக்கொள்வார்களாம்.

படபடா போனைக் கையால் பொத்திக்கொண்டு அவளைப் பார்த்தான். இந்த ஒரு போனுக்காக அவன் எத்தனை வாசல் ஏறி இறங்கியிருக்கிறான் என்று அவளுக்குத் தெரியும். மாத்திக்கட்டும் என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கிக்கொண்டாள்.

"முடியாதுன்னு சொல்லுங்க தம்பி. இந்தத் தடவை என்னால விட்டுக்குடுக்க முடியாது."

அவன் சொன்னான். அப்படியானால் பாட்டே வேண்டாம் என்று மேலாளர் போனை வைத்துவிட்டார். அன்று முழுவதும் அவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. சின்னவன் வாயில் மண்ணைப் போட்டுவிட்டோமே என்று அவள் மருகினாள். ஆனால் சொன்னதை மாற்றிச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை.

மறுநாள் வேலைக்குக் கிளம்பும்போது, செருப்பை மாட்டியபடி அவனே பேசினான்.

"கோபம்தான் அண்ணி, இல்லேன்னு சொல்லல. ஆனா உங்க குரலை எடுத்துட்டுப் பாடிப் பாத்தேன், எனக்கு வார்த்தையே வரல. நாமளே வெளியிட்டுடலாம்."

அவன் படி இறங்கிப் போனதும் அவள் கதவைச் சாத்திக்கொண்டு வாய்விட்டு அழுதாள்.