நான் வாசிக்காமல் விட்ட பத்தி

1. ஒரு மேசை, இரண்டு பேர்

1996 பிப்ரவரி 12, திங்கட்கிழமை, பிற்பகல் இரண்டு மணி பத்து நிமிடத்துக்கு அந்தப் புத்தகத்தின் முதல் காலி புரூஃப், பக்கம் பிரிப்பதற்கு முன் எடுக்கும் நீளத் தாள், எங்கள் மேசைக்கு வந்தது. புரூஃப் வரும் நேரத்தையும் திரும்பும் நேரத்தையும் ஒரு நோட்டில் குறித்து வைப்பது என் பொறுப்பு என்பதால் இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடிகிறது.

அப்போது காரைக்குடியில் எம்.ஏ. தமிழ் இரண்டாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தேன். வகுப்பு ஒரு மணிக்கு முடியும். இரண்டு மணி முதல் ஆறு மணி வரை ஓர் அச்சகத்தில் காப்பி ஹோல்டர் வேலை. இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்காக விளக்குகிறேன். கையெழுத்துப் பிரதியை, அதாவது காப்பியை, ஒருவர் உரக்க வாசிப்பார். எதிரில் இருப்பவர் அச்சுக் கோத்தெடுத்த புரூஃபைக் கண்ணால் தொடர்ந்து வந்து, பிழை கண்ட இடத்தில் திருத்துவார். கமா, புள்ளி, பாரா என அனைத்தையும் சொல்லியே வாசிக்க வேண்டும். திருத்துகிறவர் காப்பியைப் பார்ப்பதில்லை. வாசிப்பவரின் குரல்தான் அவருக்குக் காப்பி.

எங்கள் புரூஃப் ரீடர் சவரிமுத்து அண்ணன். ஐம்பத்து மூன்று வயது. தேவகோட்டைப் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து, இளவயதிலேயே கம்யூனிஸ்ட் கட்சிக்குப் போனவர். புதுவயல் அரிசி மில் தொழிலாளர்களுக்கு இருபத்திரண்டு ஆண்டுகளாக ஞாயிறுதோறும் அரசியல் வகுப்பு எடுத்துவந்தார்.

"என்ன புஸ்தகம் தங்கச்சி?" என்று கேட்டார்.

"ஐரோப்பாவுல ஒரு மந்திரி எழுதுனதுண்ணே. கம்யூனிஸ்ட் ஆட்சி போன பெறகு வந்த மொத பாதுகாப்பு மந்திரி. ராணுவத்துல இருந்தவரு இல்ல, சரித்திர வாத்தியாரு."

"ராணுவத்துல இல்லாதவரு ராணுவத்துக்கு மந்திரியா? நம்ம ஊர்ல வேட்டி கட்டுனவுகல்லாம் அந்த நாற்காலில உக்காந்து எந்திரிச்சாச்சு. இதுக்குப் போயி முந்நூறு பக்கமா? சரி, வாசி."

தேவகோட்டையில் இருந்த ஓய்வுபெற்ற ஆங்கிலப் பேராசிரியர் ஒருவர் அதை மொழிபெயர்த்திருந்தார். எனக்கு அந்த அமைச்சரைப் பிடித்துப் போயிற்று. முதல் நாள் டிராமில் வந்து இறங்கியவரைச் சீருடை இல்லை என்று காவல் சிப்பாய் வாசலிலேயே நிறுத்திவிடுகிறான். கோபப்படாமல் தன் பெயரை எழுதிக் கொடுத்துவிட்டு மழையில் காத்திருக்கிறார். பிறகு படையைப் பாதியாகக் குறைக்கிறார். தளபதிகள் இனி நாடாளுமன்றத்துக்குப் பதில் சொல்ல வேண்டும் என்கிறார். படைக்குள் நடந்த அரசியல் வகுப்புகளை நிறுத்துகிறார். படைவீரர்கள் ஒருவரையொருவர் "தோழர்" என்று அழைப்பதை மாற்றி, "ஐயா" என்று அழைக்க ஆணையிடுகிறார்.

அந்த ஆணையை வாசித்தபோது சவரிமுத்து அண்ணன் பேனாவைக் கீழே வைத்தார்.

"ஐயாவா?"

"காப்பியில அப்படித்தாண்ணே இருக்கு."

"இந்த ஐயாவ ஒழிக்கத்தான் நாங்க மில்லு மில்லா அலைஞ்சோம். இவரு அங்குட்டு உக்காந்துக்கிட்டு திருப்பிக் கொண்டாந்துட்டாராக்கும்." மறுபடி பேனாவை எடுத்தார். "வாசி தாயி. காப்பி என்ன சொல்லுதோ அதான்."

வாய்ப்பேச்சுக்காக அவர் அப்படிச் சொல்லவில்லை. ஓரிடத்தில் "அமைச்சர் அஞ்சவில்லை" என்பதை "அமைச்சர் அஞ்சினார்" என்று கோத்திருந்தார்கள். நான் அதை வாசித்து அடுத்த வரிக்குப் போய்விட்டேன். அவர்தான் நிறுத்தி, மறுபடி வாசிக்கச் சொல்லி, திருத்தினார். பேசாமல் விட்டிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது.

2. ஏழாம் அத்தியாயம்

மார்ச் முதல் வாரத்தில் ஏழாம் அத்தியாயம் வந்தது. அதற்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை புதுவயலில் வகுப்பு நடக்கவில்லை. வகுப்பு நடந்துவந்த சங்க அறையை ஒரு டி.வி. ரிப்பேர்க் கடைக்கு வாடகைக்கு விட்டுவிட்டார்கள். வருகிறவர்களே மூன்று பேர்தான் என்பதால் வகுப்பையும் நிறுத்திவிட்டதாகக் கட்சியில் சொல்லியிருந்தார்கள். சவரிமுத்து அண்ணன் அதைச் சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

"வகுப்பு இல்லைன்னு தெரியும் தங்கச்சி. ஆனா நாலு மணியானதும் காலு தானா அங்குட்டுப் போயிருச்சு. கடைப் படியில உக்காந்திருந்தேன். கடைக்காரப் பய, 'என்ன அண்ணாச்சி, டி.வி. கொண்டாந்தீகளா'ங்கிறான்."

நானும் சிரித்தேன். சிரித்திருக்கக் கூடாது என்று உடனே தோன்றியது. பிறகு வாசிக்கத் தொடங்கினேன்.

பத்து நிமிடம் கழித்து அந்தப் பத்தி வந்தது. பதவி நீக்கப்பட்ட அரசியல் பயிற்றுநர் ஒருவரைப் பற்றியது. ஐம்பத்து மூன்று வயது லெப்டினன்ட் கர்னல். வகுப்புகள் நின்ற பிறகும் அவர் தினமும் அதே நேரத்துக்குப் பாடக்குறிப்புகளோடு பாசறை வாசலில் வந்து நிற்கிறார். காவலுக்கு நிற்பவர்கள் அவருடைய பழைய மாணவர்கள். அவரைத் தெரியாதவர்கள்போல் முகம் திருப்பிக்கொள்கிறார்கள். ஒருநாள் காலை அமைச்சரின் கார் அவரைக் கடந்து போகிறது.

முதல் வரியில் என் கண் விழுந்தவுடனே இது என்ன என்று தெரிந்துவிட்டது. என் குரலில் அவர் இதைக் கேட்க வேண்டாம், புரூஃபில் அவரே கண்ணால் படித்துக்கொள்ளட்டும் என்று எண்ணினேன். பத்தியைத் தாண்டி அடுத்ததை வாசித்தேன்.

புரூஃபில் பத்தி இருந்தால் அவர் என்னை நிறுத்துவார். நிறுத்தவில்லை. படித்துவிட்டு வருத்தத்தில் பேசாமல் இருக்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். அந்த மௌனத்தை மதிப்பதாக நினைத்து, நானும் வாய் திறக்கவில்லை.

உண்மையில் புரூஃபில் அந்தப் பத்தியே இல்லை. அதுவும் அடுத்த பத்தியும் "அந்த வாரம்" என்றே தொடங்கியிருந்தன. அச்சுக் கோக்கும் கம்போசிட்டரின் கண் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குத் தாவியிருக்கிறது. இப்படி விடுபடுவதை அச்சகத்தில் "அவுட்" என்பார்கள். அவுட்டைக் கண்டுபிடிப்பதற்கென்றே காப்பி ஹோல்டர் என்று ஓர் ஆளை வைத்திருக்கிறார்கள். அந்த ஆள் நான்தான்.

அன்று ஐந்து மணி நாற்பதுக்கு அவர் கையெழுத்திட்டு அனுப்பினார். நான் நோட்டில் நேரத்தைக் குறித்தேன்.

3. குற்றச்சாட்டு

புத்தகம் ஏப்ரலில் வெளிவந்தது. நான்காம் நாள் மொழிபெயர்த்த பேராசிரியர் நேரில் வந்தார். ஏழாம் அத்தியாயத்தைத் திறந்து முதலாளியின் மேசைமேல் வைத்தார்.

"இந்த மனுஷன் தன் தப்பை ஒத்துக்கிற ஒரே இடம் சார் இது. புத்தகத்துக்கே உயிர். இது இல்லைன்னா அவர் வெறும் கல்நெஞ்சக்காரன். அப்படித் தெரியணும்னுதான் எடுத்திருக்கீங்க. உங்க புரூஃப் ரீடர் எந்தக் கட்சின்னு எனக்குத் தெரியாதா?"

முதலாளி சவரிமுத்து அண்ணனை அழைத்தார். கம்போசிட்டர்கள், பைண்டர்கள் எல்லோரும் வேலையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள்.

"என்ன சவரிமுத்து, கட்சி வேலைய நம்ம அச்சகத்துலயே காமிச்சுட்டீகளே?"

அவர் பக்கத்தை வாங்கி நிதானமாகப் பார்த்தார். "கையெழுத்து என்னுது முதலாளி. பொறுப்பும் என்னுது. ஆனா வேணும்னு செஞ்சேன்னு மட்டும் சொல்லாதீக."

"பெறகு எப்படி ஒரு பாரா பூராம் காணாமப் போகும்? ஒரு பக்கம் இந்தப் பிள்ளை வாசிக்குது, ஒரு பக்கம் நீக பாக்குறீக."

அப்போது அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் சந்தேகம் துளியும் இல்லை. தங்கச்சி வாசித்திருப்பாள், நான்தான் கவனிக்கத் தவறியிருக்கிறேன் என்று அவர் நம்புவது தெரிந்தது. நான் பேசியிருக்க வேண்டிய நேரம் அது. வேலை போய்விடும், செய்தி வீட்டுக்குப் போனால் படிப்பையும் நிறுத்திவிடுவார்கள் என்ற பயத்தில் நின்றுகொண்டே இருந்தேன்.

முதலாளி அன்றே அவர் கணக்கை முடித்து வேலையை விட்டு அனுப்பினார். அவர் கண்ணாடியை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வெளியேறினார்.

பதினோரு நாட்கள் கழித்து, ஒரு காலை, கல்லூரிக்குப் போகப் பேருந்துக்காக நின்றிருந்தேன். நிறுத்தத்தை ஒட்டிய டீக்கடையில் தினமும் கட்சிக்காரர்கள் கூடுவார்கள். உள்ளே சவரிமுத்து அண்ணன் உட்கார்ந்திருந்தார். எதிரில் இருந்த கட்சிக்காரர் ஒருவர் உரக்கப் பேசியது வெளியே கேட்டது.

"தோழர், மந்திரி கண்ணு கலங்குற எடத்தையே தூக்கிட்டீகளாமே! சபாஷ்! அம்பது கூட்டம் போட்டாலும் இந்த வேலை நடக்காது!"

"நான் தூக்கலப்பா."

"எங்ககிட்டயுமா மறைக்கிறீக? ஏய், தோழருக்கு எங்கணக்குல ஒரு வடை குடு!"

எல்லோரும் சிரித்தார்கள். அவர் பாதி டீயை வைத்துவிட்டு எழுந்து போனார். முதலாளி எதைச் சொல்லித் தண்டித்தாரோ, அதையே சொல்லி இவர்கள் பாராட்டினார்கள். அவர் செய்யவில்லை என்பதை இரு தரப்பிலும் ஒருவர்கூட நம்பவில்லை.

4. புதுவயல்

அன்று மாலை அச்சகத்திலிருந்து காப்பியின் அந்த ஒரு தாளை எடுத்துக்கொண்டு புதுவயல் பேருந்தில் ஏறினேன். அவர் ஓர் அரிசி மில்லில் மூட்டைகளுக்குப் பெயரெழுதும் வேலைக்குச் சேர்ந்திருந்தார். தன் வீட்டு வாசலில் நின்று மண்ணெண்ணெயால் கையிலிருந்த மையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"வா தங்கச்சி. என்ன இம்புட்டுத் தூரம்?"

நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். அவர் துடைப்பதை நிறுத்தவில்லை.

"நீ வாசிக்கவே இல்லையா?"

"இல்லண்ணே."

"நான் கண்ணசந்துட்டேன்னுல்ல நெனைச்சேன். பதினோரு நாளா என் கண்ண நானே திட்டிக்கிட்டிருக்கேன்." பிறகு, "ஏன் வாசிக்கல?" என்றார்.

"நீங்க வருத்தப்படுவீகன்னு..."

"எம்மேல பாவம் பாத்தியாக்கும். வருத்தம் வந்தா எனக்குத்தான வரும்? அத வாங்கிக்கிறதா வேணாமான்னு நாந்தான சொல்லணும்?" குரல் உயரவில்லை. "தாள் கையில இருக்கா? வாசி."

வாசித்தேன். கமா, புள்ளி எதையும் விடவில்லை. முடித்ததும் அவர் கேட்டார்:

"கடைசி ரெண்டு வரியையும் மந்திரியே எழுதிருக்காரா?"

"ஆமாண்ணே."

"தன் தப்பத் தானே எழுதி வச்சிருக்காரு மனுசன். அத வெட்டுனவன்னு எனக்குப் பேரு." கையைத் துடைத்த துணியை மடித்து வைத்தார். "பஸ்ஸு வந்துரும். கெளம்பு."

பரவாயில்லை என்று அவர் சொல்லவில்லை. அன்று மட்டுமன்று, பின்னர் எப்போதும் சொல்லவில்லை.

இப்போதும் இந்தத் தொழிலில்தான் இருக்கிறேன். எதிரில் இருப்பவருக்கு எது வலிக்கும் என்று முடிவு செய்வது வாசிப்பவரின் வேலை அன்று. இரக்கத்தால் விட்ட வரியும் விட்ட வரிதான். அதற்கு இன்னொருவர் கையெழுத்திட நேர்கிறது.

5. மறுநாள்

மறுநாள் காலை கல்லூரிக்குப் போகவில்லை. எட்டரை மணிக்கு முதலாளியின் வீட்டுக்குப் போய் நடந்ததைச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார்.

"இத அன்னைக்கே சொல்லிருக்கலாமே ஆத்தா. இப்ப ஊர் பூராம் சொல்லிப்புட்டேன். வேற ஆளும் வந்தாச்சு. விட்ட பாராவ ஒரு சீட்டுல அடிச்சுப் புத்தகத்துல ஒட்டிருவோம். நீ இத வெளிய சொல்லிக்கிட்டுத் திரியாத."

அங்கிருந்து நேரே பேருந்து நிறுத்தத்துக்கு நடந்தேன். அந்த டீக்கடைக்குள் அதுவரை நான் நுழைந்ததில்லை. பெண்கள் யாரும் நுழைந்து பார்த்ததுமில்லை. ஆறேழு பேர் இருந்தார்கள். முந்தைய நாள் வடை சொன்னவர் நிமிர்ந்து பார்த்து, "யாரத் தேடுறீக தங்கச்சி?" என்றார்.

"சவரிமுத்து அண்ணன் எதையும் வெட்டல. காப்பி வாசிச்சது நான். விட்டதும் நான்தான். விட்டது என்னன்னு நீங்க கேக்கணும்" என்றேன்.

யாரோ சிரித்தார்கள். தாளை விரித்தேன். முதல் சொல்லிலிருந்து வாசித்தேன். கர்னல் வாசலில் நிற்பதையும், மாணவர்கள் முகம் திருப்பிக்கொள்வதையும் வாசித்தேன். "நான் காரை நிறுத்தச் சொல்லவில்லை" என்ற வரிக்கு வந்தபோது கடையில் சிரிப்பு நின்றிருந்தது. "நான் செய்தவை அனைத்திலும் இதற்கு மட்டுமே வெட்கப்படுகிறேன்" என்ற அடுத்த வரியையும் வாசித்து முடித்தேன்.