பின்னாலை ஆள்!

புட்போலிலை டிஃபென்டர் வேலை எண்டது வீட்டுத் தண்ணிப் பைப் மாதிரி: ஒழுகினாத்தான் அங்கை ஒண்டு இருக்கெண்டு ஆக்களுக்குத் தெரியும். கோல் போட்டவனைத் தோளிலை தூக்குவினம். கோல் விழாமல் தடுத்தவன் தன்ரை பையைத் தானே தூக்கிக்கொண்டு வீட்டை போகவேணும். முதியோர் இல்லத்திலையும் பார்சல் கூடத்திலையும் மாடாய் உழைக்கிற எங்கட சனம் உங்களுக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை.

நான் நோர்வேயிலை பிறந்து, புட்போலைத் தொழிலாக்கி, இப்ப சுவிசிலை ஓல்டனுக்குப் பக்கத்திலை ஒரு கிளப்புக்கு விளையாடுறன். சம்பளம் பரவாயில்லை, மலை வடிவு, சொக்லேட் சொல்லி வேலையில்லை. ஆனால் அப்பாவின்ரை சத்தம் இல்லை. அந்த ஒண்டு இல்லாததிலை மற்றது ஒண்டும் ருசிக்குதில்லை.

முதுகிலை கண் இல்லை

டிஃபென்டருக்கு முன்னாலை வாற பந்து தெரியும். முதுகுக்குப் பின்னாலை பதுங்கி வாறவன் தெரியமாட்டான். அதுக்காகத் தோளுக்கு மேலாலை திரும்பித் திரும்பிப் பார் எண்டு எல்லா கோச்மாரும் சொல்லிக் குடுப்பினம். எனக்கு அந்தப் பழக்கம் வரேல்லை, ஏனெண்டால் எனக்கு அப்பா இருந்தார். வட நோர்வேயிலை ஒரு தீவு எங்கட இடம். அங்கை மீன் தொழிற்சாலையிலை அவருக்கு வேலை. வேலை முடிஞ்ச கையோடை, றப்பர் பூட்ஸைக்கூடக் கழட்டாமல், எங்கட கோலுக்குப் பின்னாலை வந்து நிப்பார். ஆரும் என்ரை முதுகுப் பக்கம் வந்தால் "பின்னாலை ஆள்!" எண்டு தமிழிலை ஒரு கத்து. எதிரணிக்கு ஒரு இழவும் விளங்காது. பாதி நேரத்திலை அணிகள் பக்கம் மாறினால் அவரும் மைதானத்தைச் சுத்தி நடந்து மற்றக் கோலடிக்கு வந்திடுவார். மழை, பனி, கடல்காத்து ஒண்டும் பாக்கமாட்டார் மனுசன்.

ஒருநாள் எதிரணிப் பெடியன் ஒருத்தன் என்னட்டைத் திரும்பத் திரும்பப் பந்தைப் பறிகுடுத்திட்டு, கொதியிலை நடுவரிட்டைப் போய் நிண்டான்: "அந்தக் கோலுக்குப் பின்னாலை நிக்கிற ஆளையும் எண்ணுங்கோ, இவங்கள் பன்னிரண்டு பேர்!"

ஆரின்ரை பேரிலை அர்ச்சனை

சுவிசுக்கு வந்த நாள் தொட்டு அப்பாவைக் கூப்பிடுறன். "வாறன் வாறன், சீசன் முடியட்டும்" எண்டுவார். அவருக்குக் கொட் மீன் சீசன், எனக்குப் புட்போல் சீசன். அவருடையது முடியேக்கை என்ரையும் முடியிற நேரமாயிடும். எங்கட ரெண்டு சீசனும் ஒண்டோடை ஒண்டு கோவம் போலை. கடைசியிலை ஒரு வெள்ளிக்கிழமை பக்கத்து ஊர் திரிம்பாக்கிலை இருக்கிற எங்கட கோயிலுக்குப் போய் அப்பாவின்ரை பேரிலை அர்ச்சனை செய்தன். ஐயர் "அப்பாவுக்குச் சுகமில்லையோ?" எண்டு கேட்டார். "சுகமாத்தான் இருக்கிறார் ஐயா, இஞ்சை வாறார் இல்லை" எண்டன்.

பின்னாலை வரிசையிலை நிண்டவர் சிரிச்சுப்போட்டார். அப்பிடித்தான் சிவா அண்ணை பழக்கம். ஓல்டனிலை முதியோர் இல்லத்திலை வேலை, வாய் நிறையக் கதை. சாப்பாட்டுப் பந்தியிலை பக்கத்திலை இருத்தி எல்லாத்தையும் விசாரிச்சார். அப்பா கோலுக்குப் பின்னாலை நிண்டு கத்துறதையும், அது இல்லாமல் நான் படுற பாட்டையும் ஒண்டும் விடாமல் சொன்னன். மனுசன் முதுகைத் தடவிவிட்டு, பாயாசத்தை என்ரை பக்கம் தள்ளினார்.

"அதெல்லாம் சரி தம்பி, பின்னேரம் விளையாடுறது உடம்புக்கும் நல்லம். பகலிலை எங்கை வேலை?"

பிந்தி வாற சத்தம்

எங்கட ஆட்டங்களை இன்ரநெற்றிலை காட்டுவினம். அப்பா தொழிற்சாலைச் சாப்பாட்டு அறையிலை போனைத் தேத்தண்ணிக் கோப்பையிலை சாத்தி வைச்சுப் பாக்கிறவர். போனைப் பாத்தும் கத்துவாராம். கூட வேலை செய்யிற நோர்வேக்காரரும் "பின்னாலை ஆள்" எண்டு சொல்லப் பழகிட்டினமாம். கேக்கச் சிரிப்பாத்தான் இருந்தது. அம்மா போனிலை இதைச் சொல்லேக்கை நான் ஆத்தங்கரையிலை நடந்துகொண்டிருந்தனான். ஆரே எண்ட அந்த ஆறு நல்ல வடிவுதான், ஆனால் மீன் மணம் ஒரு சொட்டும் இல்லை. எனக்கு அந்த மணத்திலைதான் அப்பா வாறது தெரியும். "அப்பா கத்துறது எனக்கு உதவுது எண்டு சொல்லுங்கோ அம்மா" எண்டன், மனுசன் சந்தோசப்படட்டும் எண்டு.

அம்மா பெருமூச்சு விட்டா. "எங்கையடா உதவுறது, படம் பிந்தி வருது. இவர் வாயைத் திறக்கிறதுக்குள்ளை அவங்கள் கோல் போட்டிடுறாங்கள்."

சிவா அண்ணையின்ரை உபகாரம்

சீசன் முடியக் கொஞ்ச ஆட்டம் இருக்கேக்கை அப்பா போன் எடுத்தார். மீன் சீசன் முடிஞ்சுதாம், எங்கட கடைசி ஆட்டத்துக்கு டிக்கெட் போட்டிட்டாராம். நான் குசினிக்குள்ளை நிண்டு துள்ளினன். கீழ்வீட்டு மனுசி தும்புத்தடியாலை முகட்டிலை இடிச்சா.

அந்தக் கிழமை ஆட்டத்துக்கு எனக்குச் சொல்லாமல் சிவா அண்ணை வந்திருக்கிறார். நல்ல மனுசன், என்ரை கதையைக் கேட்டு மனம் பொறுக்காமல், அப்பாவின்ரை வேலையைத் தான் செய்வம் எண்டு முடிவெடுத்திட்டார். கூட்டத்துக்கு நடுவிலை இருந்து திடீரெண்டு "பின்னாலை ஆள்!" எண்டு ஒரு கத்து. உண்மையாவே எனக்குப் பின்னாலை ஒருத்தன் வந்தவன்தான். ஆனால் நான் அவனையோ பாத்தன்? ஐயோ, அப்பா வந்திட்டார் எண்டு நெஞ்சு அடிக்க, சத்தம் வந்த பக்கம் திரும்பி, சனம் இருக்கிற வாங்கு வாங்காத் தேடினன். அங்கை சிவா அண்ணை ரெண்டு கையையும் ஆட்டிக்கொண்டு நிக்கிறார். பந்து என்னைத் தாண்டிக் கோலுக்குள்ளை போயிட்டுது.

கோச் கொஞ்சங்கூடக் கத்தேல்லை, அதுதான் பயம். என்னை வெளியிலை எடுத்து, பக்கத்திலை இருத்தி, மெல்லமாக் கேட்டார்: "பந்து இஞ்சை கிடக்குது. நீ அங்கை ஆரைத் தேடினாய்?"

கடைசி ஆட்டம்

பிறகு நான் மாற்று ஆட்டக்காரரோடை ஒரே வாங்குதான். அப்பா இவ்வளவு தூரம் வந்து, நான் தண்ணிப் போத்தலோடை இருக்கிறதைத்தான் பாக்கப்போறாரோ எண்டு நித்திரையே இல்லை. கடைசி ஆட்டத்தண்டு எங்கட மற்ற டிஃபென்டருக்குக் காலிலை பிடிப்பு. கோச் வேறை வழியில்லாமல் என்னை இறக்கினார். "திரும்பிப் பார், விளங்குதோ?" எண்டு மட்டும் சொன்னார்.

அப்பா எங்கட கோலுக்குப் பின்னாலை, சிவா அண்ணைக்குப் பக்கத்திலை. றப்பர் பூட்ஸ் இல்லை, கோட் சூட். கொஞ்சம் மெலிஞ்சுபோனார். நான் அந்தக் குரலுக்காகக் காத்துக்கொண்டு விளையாடினன். வரேல்லை. ஏன் கத்துறார் இல்லை, வெக்கமோ, சுகமில்லையோ எண்டு திரும்பிப் பாத்தன். வாயை மூடிக்கொண்டு நிக்கிறார். திரும்பவும் பாத்தன். பாக்கிற நேரமெல்லாம் ஆரோ ஒருத்தன் என்ரை முதுகுப் பக்கம் பதுங்கிறது கண்ணிலை பட்டுது. போய்ப் பந்தைப் பறிச்சன். பாதி நேரத்துக்குப் பிறகு அப்பா வழக்கம்போலை மற்றக் கோலடிக்கு நடந்து வந்தார். அங்கையும் சத்தமில்லை. அண்டைக்கு எங்களுக்கு ஒரு கோலும் விழேல்லை. கோச் எல்லாருக்கும் முன்னாலை என்னைக் கட்டிப்பிடிச்சார், அடுத்த வருசமும் நீ இஞ்சைதான் எண்டார்.

நான் நேரை அப்பாவிட்டை ஓடினன். கோட்டிலை முகத்தை வைச்சன், மீன் மணம் இருந்தது. "ஏனப்பா கத்தேல்லை? நான் எவ்வளவு ஆசையாக் காத்துக்கொண்டிருந்தனான்!" எண்டு சின்னப்பிள்ளை மாதிரிக் கேட்டன். அவர் என்ரை தலையைத் தடவிச் சிரிச்சார்.

"என்னத்துக்கு ராசா கத்த? நான் வாயைத் திறக்க முதல் நீயே திரும்பிப் பாக்கிறாய். இனி உனக்கு நான் தேவையில்லை."

இப்ப பயிற்சியிலை கோச் புதுப் பெடியளுக்கு என்னைக் காட்டி "இவனை மாதிரித் திரும்பிப் பாருங்கோ" எண்டு சொல்லுறார். நான் ஆரைத் தேடித் திரும்பினனான் எண்டதை அவருக்கும் சொல்லேல்லை, அப்பாவுக்கும் சொல்லேல்லை.