சத்தம் வராத படம்

வளைகுடாவில் நாங்கள் வேலை பார்க்கும் முவைலாவில், எங்கள் ரூமுக்கு ஒரு சட்டம் உண்டு. நைட் டூட்டி முடித்து வந்தவர் தூங்கும்போது டிவியில் சத்தம் வைக்கக் கூடாது. அப்படித் தூங்குபவர் பரமக்குடிப் பக்கத்து அண்ணன் ஒருவர்தான். அவருக்காகப் பகலில் பாட்டு, சண்டை, அழுகை எல்லாவற்றையும் வாயசைவை வைத்தே ஊகித்துக்கொள்வோம். லீவு நாளில்கூட ஒரு படத்தை உருப்படியாகப் பார்க்க முடியாத எரிச்சல் எனக்கு.

போன வாரம் இதற்கு ஒரு வழி கிடைத்தது. இணையத்தில் ஒரு பழைய ஜெர்மன் ஊமைப் படம் கண்ணில் பட்டது. துறைமுக நகரத்தில், குடியும் கூத்துமாக விடிய விடிய விழித்திருக்கும் ஒரு தெரு. காணாமல்போன தம்பியைத் தேடி ஒரு மாலுமி அங்கே நுழைகிறான். சத்தமே இல்லாத படம் என்பதால் எதையும் இழக்காமல் பார்க்கலாம். போனில் போட்டால் அந்த இருட்டுத் தெரு வெறும் கறுப்பாகத்தான் தெரிந்தது. எங்கள் ரூமில் சமைப்பவன் கையில்தான் ரிமோட். அதனால் அன்றைய சமையலையும் தலையில் போட்டுக்கொண்டேன்.

மாலுமி கூரைமேல் ஓடினான். பின்னால் கத்தியோடு நாலு பேர். தம்பியை அடைத்துவைத்த அறைக் கதவில் அவன் கை வைத்த நேரம் பார்த்து, அண்ணனின் கட்டில் திரை விலகியது.

"எனக்காகவா தம்பி சத்தத்த நிறுத்தி வச்சிருக்க?"

"இல்லண்ணே. இது ஊமைப் படம், சத்தமே கிடையாது. நீங்க தூங்குங்க."

"சும்மா சொல்லாத. அவன் வாய் கிழியக் கத்துறான்."

ரிமோட்டை வாங்கிச் சத்தத்தை முழுதும் ஏற்றினார். ஒன்றும் வரவில்லை. டிவிதான் கெட்டுவிட்டதோ என்று தமிழ் சேனலுக்கு மாற்றினார். குத்துப்பாட்டு சுவரை அதிரவைத்தது.

"டிவி நல்லாத்தான் இருக்கு, ஒன் படந்தான் கோளாறு. இம்புட்டு நாளு எனக்காக ஊமையாவே பாத்துட்டீக. இன்னிக்காச்சும் சத்தமாப் பாருங்க. தூக்கம் கெடக்கு."

பக்கத்து ரூம்காரர்களும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். எனக்கு ஆத்திரமான ஆத்திரம். ஆனால் தூக்கத்தையே விட்டுக்கொடுத்த மனிதரிடம் என்னவென்று சண்டை போடுவது? சாயங்காலம் சிவந்த கண்ணோடு டூட்டிக்குக் கிளம்பிப் போனார்.

அந்தக் கதவுக்குப் பின்னால் தம்பி இருந்தானா என்று எனக்கு இன்னும் தெரியாது. மறுபடி அந்தப் படத்தைப் போட்டால் அண்ணன் எழுந்துவிடுவார்.